முப்பத்தெட்டுப் பெண்களும் ஒரு காலிப் பெட்டியும்

போன வாரம் ஒரு சினிமாப் பத்திரிகையிலிருந்து ஒரு பெண் வீட்டுக்கு வந்தாள். தெமெலிஸ் மங்லிஸ் எடுத்த அந்தப் படகுக் காட்சியைப் பற்றிக் கேட்க வேண்டுமாம். "நீங்கதானே சார் அன்னிக்குக் கூட இருந்தவரு?" என்றாள். கூட இருந்தவன்தான். இருந்து தொலைத்தவன்தான். அவளுக்குக் காபி போட்டுக் கொடுத்து, லென்ஸ், வெயில், காற்று என்று ஒரு மணி நேரம் அளந்துவிட்டு அனுப்பினேன். அவள் தலை மறைந்ததும் என் மேல் எனக்கே அருவருப்பாக இருந்தது. எழுபத்து நான்கு வயதாகிறது. அவர் போய்ப் பதினோரு வருடம் ஆகிறது. இன்னும் அதே பாட்டைப் பாடிக்கொண்டிருக்கிறேன், வெட்கம் கெட்டவன். அதனால்தான் இதை எழுதி வைக்கிறேன்.

முதலில் ஆளைச் சொல்லிவிடுகிறேன். தெமெலிஸ் அண்ணன் கிரேக்க நாட்டுக் காலிம்னோஸ் தீவுக்காரர். அங்கே ஆண்பிள்ளையாகப் பிறந்தால் கடலடியில் இறங்கிக் கடற்பஞ்சு பறிக்க வேண்டும், வேறு பிழைப்பு கிடையாது. அவருடைய அப்பா அப்படி இறங்கி, ஆழத்திலிருந்து அவசரமாக மேலே வந்து, இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லாமல் திரும்பியவர். அம்மா அதற்கு முன்பே போய்விட்டாள். வளர்த்தது அம்மாவின் தங்கை கலோதீனா சித்தி. "இந்தப் பய தண்ணியில கால வெச்சான், நானே கால ஒடிப்பேன்" என்று சொல்லி, பன்னிரண்டு வயதில் அவரை ஏதென்ஸ் துறைமுகமான பிரேயஸுக்குக் கப்பல் ஏற்றிவிட்டவளும் அவள்தான்.

பிரேயஸில் ஒரு திறந்தவெளித் தியேட்டரில் நாற்காலி போட்டார். அந்தக் காலத்தில் ஒரே படப் பிரதியை இரண்டு தியேட்டர்காரர்கள் பங்கு போட்டு ஓட்டுவார்கள். இங்கே ஒரு சுருள் முடிந்ததும் அதை சைக்கிளில் வைத்து அங்கே மிதிக்க வேண்டும். அந்த மிதியும் அவர் தலையில்தான். பிறகு ஃபிலிம் கழுவும் லேபில் வேலை, பிறகு கேமரா தூக்குகிற வேலை. ஐம்பத்தாறாம் வருடம் தனியாக ஒளிப்பதிவு செய்ய ஒரு படம் கிடைத்தது. மொத்தம் ஐம்பத்து மூன்று படங்கள் எடுத்தார். அதில் நாற்பது படங்களில் நான் கூட இருந்தேன். நான் ஃபோகஸ் பார்க்கிறவன், ஃபிலிம் மாட்டுகிறவன். பெயர் பரஸ்கெவாஸ்.

அவரை நடிகைகள் "பெட்ஷீட்டு" என்று கூப்பிடுவார்கள். எங்கள் ஊர் நண்பகல் வெயிலில் மூக்கின் நிழல் உதட்டின் மேல் மீசை மாதிரி விழும். மற்றவர்கள் பதினோரு மணிக்கே கேமராவை மூடிவிட்டுச் சாப்பிடப் போவார்கள். இவர் வீட்டிலிருந்து வெள்ளைப் படுக்கை விரிப்பைக் கொண்டுவந்து நடிகையின் தலைக்கு மேல் கட்டி, அந்த வெயிலையே பால் மாதிரி ஆக்கிவிடுவார். அவர் மனைவி எவ்தோக்கியா அண்ணி என்னிடம் புலம்புவாள். "எங்க வீட்டுக் கட்டில்ல விரிக்க ஒண்ணு இல்ல பரஸ்கெவா. எல்லாம் அந்தச் சிறுக்கிங்க தலைக்கு மேலதான் தொங்குது." அண்ணன் சிரிப்பார். சத்தம் போட்டு ஒரு வார்த்தை பேசி நான் கேட்டதில்லை. யாருக்கும் இல்லை என்று சொல்ல வராது. அந்த இல்லை என்ற ஒரு சொல் வராததால்தான் இத்தனையும்.

அவரிடம் ஒரு வேலைத் தந்திரம் இருந்தது. ஊர்ச்சனங்களை வைத்துக் காட்சி எடுத்தால், கேமராவைப் பார்த்ததும் எல்லாரும் கல்யாண போட்டோவுக்கு நிற்கிற மாதிரி விறைத்துப்போவார்கள். அதனால் முதலில் ஃபிலிம் இல்லாத காலிப் பெட்டியைக் கேமராவில் மாட்டி மோட்டாரை ஓடவிடுவார். சனங்கள் சிரித்து, முறைத்து, நடித்து, கடைசியில் அலுத்துப்போய் இயல்புக்கு வருவார்கள். உடனே அண்ணன் கைக்குட்டையை எடுத்து மூக்கைத் துடைப்பார். அதுதான் எனக்குச் சைகை. நான் காலியைக் கழற்றி நிஜப் பெட்டியை மாட்டுவேன். காலியாக ஓடும்போது மோட்டார் சத்தம் கொஞ்சம் கிலுகிலுப்பாக இருக்கும். எங்கள் இரண்டு பேருக்கு மட்டும்தான் அது தெரியும். தயாரிப்பாளர் வூர்னாஸுக்கு ஃபிலிம் மிச்சம், எங்களுக்குச் சிரிப்பு. அப்போதெல்லாம் அது தப்பு என்று ஒரு நாளும் தோன்றியதில்லை.

அறுபத்து மூன்றாம் வருடம், ஈஸ்டர் முடிந்த கையோடு காலிம்னோஸில் படப்பிடிப்பு. கடற்பஞ்சுப் படகுகள் ஆப்பிரிக்கக் கரைக்குக் கிளம்பும் நாள்தான் படத்தின் முடிவுக் காட்சி. அண்ணன் இருபத்து மூன்று வருடம் கழித்துச் சொந்த மண்ணில் கால் வைக்கிறார். தீவே துறைமுகத்துக்கு வந்துவிட்டது. அரிசி அடைத்துச் சுட்ட ஆட்டுக்குட்டி என்ன, உப்புத் தண்ணீரில் ஊறிய சிப்பிக் கறி என்ன, எட்டு நாள் எங்களை அடுப்பு மூட்டவே விடவில்லை.

கலோதீனா சித்திக்கு அப்போது அறுபதுக்கு மேல். நெடுநெடுவென்று வளர்த்தி, ஒரு இடுப்பு கொஞ்சம் இழுக்கும். வாயைத் திறந்தால் ஊர் அடங்கும். அவளுக்கு ஒரே மகன், நோமிகோஸ். ஒன்பது வருடத்துக்கு முன் முத்துக் குளிக்க ஆஸ்திரேலியாவில் டார்வினுக்குப் போனான். எங்கள் தீவுகளிலிருந்து கூட்டம் கூட்டமாகப் போனார்களே, அதில் ஒருவன். இங்கே அவனுக்குப் பெண் பார்த்து வைத்திருந்தாள். அவன் அங்கேயே ஒருத்தியைக் கட்டிக்கொண்டான். நம் மதமும் இல்லை, நம் மொழியும் இல்லை. சித்திக்கு எழுதப் படிக்கத் தெரியாது. பள்ளிக்கூட வாத்தியாரிடம் போய், "நான் செத்தாலும் என் வாசப்படி மிதிக்காதேன்னு எழுதுங்க" என்றாள். எழுதினார். வாத்தியார் பெண்டாட்டி வாயில் எது நின்றது? சாயங்காலத்துக்குள் ஊருக்கே தெரிந்துவிட்டது. அதோடு மகனிடமிருந்து கடிதமும் நின்றுபோனது.

படகுகள் கிளம்புவதற்கு முதல் நாள் சித்தி அண்ணனைப் பிடித்துக்கொண்டாள்.

"ஏன்டா தெமெலி, அந்தப் பொட்டில என்னையும் கொஞ்சம் புடிப்பியா?"

"உங்களயா சித்தி? எதுக்கு?"

"நோமிகோஸுக்கு அனுப்பத்தான். போட்டோல மனுசி செத்தவ மாதிரி நிக்கிறா. இதுல நடக்கறது தெரியுமாமே. நான் இன்னும் நடக்கறேன்னு பாக்கட்டும்."

"பேசறது கேக்காது சித்தி. படம் மட்டுந்தான்."

"என் வாய அவன் பொறந்ததுலேருந்து பாத்தவன். உதட்ட பாத்தா புரிஞ்சுக்குவான்."

"சரி சித்தி, புடிச்சிரலாம்" என்றார் அண்ணன். அந்த நேரம் அவர் மனதில் கள்ளம் இல்லை. அதை நான் சத்தியம் செய்து சொல்வேன்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. தேவாலயம் விட்டதும் துறைமுகத்துக்கு வந்து பார்த்தால், வரிசையில் முப்பத்தெட்டுப் பெண்கள். எல்லாரும் பெட்டியடியில் இருந்த நல்ல துணியைக் கட்டிக்கொண்டு வந்திருக்கிறார்கள். ஒருத்தி பேரக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு, ஒருத்தி இறந்த புருஷன் படத்தை மார்போடு அணைத்துக்கொண்டு. எல்லார் பிள்ளைகளும் டார்வினில். "கலோதீனா மகனுக்கு மட்டும் படமா? எங்க புள்ளைங்க என்ன மரத்துலேருந்தா விழுந்தாங்க?" என்று ஒரு கிழவி அண்ணனின் காதைத் திருகினாள்.

எங்களிடம் இருந்தது இரண்டே பெட்டி ஃபிலிம், ஒவ்வொன்றும் நான்கு நிமிடம். பிரேயஸிலிருந்து மீதி ஃபிலிமோடு வர வேண்டிய கப்பல் காற்றில் மாட்டி எங்கோ ஒதுங்கியிருந்தது. மதியம் படகுகள் கிளம்பிவிடும். அவை யாருக்காகவும் நிற்காது. ஒரு பெட்டி அந்தக் காட்சிக்கு. இன்னொன்று, ஏதாவது கோளாறு ஆனால் என்று கைக்காவலுக்கு.

அண்ணன் என்னைத் தனியாக இழுத்தார். "என்னடா பண்றது?"

"இல்லன்னு சொல்லிருங்கண்ணே. உள்ளத சொல்லுங்க, ஃபிலிம் இல்ல."

"அந்த மூஞ்சிகளப் பாத்தா சொல்ல வருதாடா? இருபத்து மூணு வருஷம் கழிச்சு வந்திருக்கேன்." கேமராவைக் காட்டினார். "காலிய மாட்டு. அவங்க சந்தோஷமா போகட்டும். சித்தி வரும்போது நெசம் மாட்டிக்கலாம்."

மாட்டினேன். என் கையால்தான் மாட்டினேன்.

ஒவ்வொருத்தியாக வந்து நின்றார்கள். சத்தம் பதியாது என்று சொல்லியும் எல்லாரும் பேசினார்கள். "சட்ட போட்டுக்கோடா, அங்க குளிருமாம்ல." "அப்பாவுக்குக் கண்ணு தெரியல, ஆனா உன்னக் கேட்டுக்கிட்டே இருக்காரு." "குடிக்காத ராசா." மோட்டார் கிலுகிலுத்துக்கொண்டே இருந்தது. நான் கேமராவிலிருந்து ஒவ்வொருத்தி முகத்துக்கும் டேப் பிடித்துத் தூரம் அளந்தேன், ஏதோ பெரிய ஃபோகஸ் கிழிப்பவன் மாதிரி. அவர்கள் என் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனார்கள். அந்த இடத்திலேயே கடலில் விழுந்து செத்திருக்கலாம்.

சித்தி எல்லாரையும் முன்னால் விட்டுவிட்டுக் கடைசியில் நின்றாள். நம்ம வீட்டுப் பிள்ளைதானே, நாம் முந்தக் கூடாது என்ற மரியாதை. அவள் முறை வந்தபோது தேவாலய மணி அடிக்கத் தொடங்கிவிட்டது. மற்ற பெண்கள் புருஷனையும் ஊரிலிருக்கும் மற்றப் பிள்ளைகளையும் வழியனுப்பப் படகுகளின் பக்கம் ஓடினார்கள். அங்கே பாதிரியார் தீர்த்தம் தெளிக்க ஆரம்பித்துவிட்டார். முதல் பாய் மேலேறிக்கொண்டிருந்தது.

சித்தி படிகளிலிருந்து இறங்கி நடந்து வந்தாள். இடுப்பு இழுப்பது தெரியக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு நடந்தாள். நான் கைக்குட்டைக்காக அண்ணனையே பார்த்துக்கொண்டிருந்தேன். நிஜப் பெட்டி என் தோள்பையில், கை வைத்தால் எடுக்கலாம். அவர் கை கைக்குட்டைப் பக்கம் போகவே இல்லை. ஒரு கண் கேமராவில், இன்னொரு கண் துறைமுகத்தில். மேகம் விலகிப் பாய்களின் மேல் வெயில் விழுந்துகொண்டிருந்தது. "அண்ணே" என்றேன். தலையை மட்டும் ஆட்டினார், வேண்டாம் என்று.

அவள் எனக்குக் கைக்கெட்டும் தூரத்தில் வந்து நின்றாள். கேமராவுக்குள் பார்த்தாள். குரலை இறக்கிக்கொண்டாள்.

"நோமிகே, நான் எழுதச் சொன்னது தப்புடா. கோவத்துல சொன்னது. இத வாத்தியார்கிட்ட சொல்ல எனக்கு மானம் விடல. உன் பொண்டாட்டி நம்ம வீட்டு மருமக. கூட்டிட்டு வா. அவ பேரு எனக்கு வாயில வரல, வந்து நீ சொல்லிக் குடு. என்ன மன்னிச்சிரு."

அந்தத் தீவில் கலோதீனா யாரிடமும் மன்னிப்புக் கேட்டதாகச் சரித்திரம் கிடையாது. ஒரு காலிப் பெட்டியிடம் கேட்டாள்.

என் கை பைக்குள் போனது. போய், திரும்பி வந்துவிட்டது. நானாக மாட்டியிருக்கலாம். திட்டியிருப்பார், அவ்வளவுதான். மாட்டவில்லை. அவர் மேல் பழி போட்டு எழுதிக்கொண்டே வருகிறேன், பாருங்கள், என் கையை என்ன கட்டியா போட்டிருந்தது?

"போதுமா கண்ணு?" என்று கேட்டாள் சித்தி.

"போதும் சித்தி, நல்லா வந்திருக்கு" என்றார் அண்ணன், கேமராவைத் துறைமுகத்தின் பக்கம் திருப்பிக்கொண்டே. "டேய், நெசத்த மாட்டு, சீக்கிரம்!"

அந்தப் படகுக் காட்சிதான் அவருக்கு விருது வாங்கிக் கொடுத்தது. ஒரே ஷாட், மூன்றரை நிமிடம். ஒவ்வொரு பாயாக வெயிலுக்குள் போவதும், கரையில் கறுப்பு முக்காடு போட்ட பெண்கள் கையசைப்பதும். அந்த முப்பத்தெட்டுப் பேரும் அதில் இருக்கிறார்கள். முதுகு மட்டும். கைக்காவலுக்கு வைத்த இரண்டாவது பெட்டியைத் திறக்கவே இல்லை. அது ஏதென்ஸுக்குத் திரும்பி வந்து, ஒரு நகைச்சுவைப் படத்தில் யாரோ ஒரு குண்டன் மாடியிலிருந்து விழுகிற காட்சிக்குச் செலவானது.

பிறகு கடிதங்கள் வந்தன. அனுப்பியாயிற்றா என்று தீவிலிருந்து. இன்னும் வரவில்லையே என்று டார்வினிலிருந்து. லேபில் இருக்கிறது என்றார் அண்ணன், சுங்கத்தில் நிற்கிறது என்றார், கடைசியில் தண்ணீர் பட்டு எல்லாம் அழிந்துவிட்டது என்று எழுதினார். அதற்கு அந்தப் பெண்கள் எல்லாரும் சேர்ந்து ஒரு ஜாடித் தேன் அனுப்பினார்கள், மனம் உடைந்துபோகாதே ராசா, உன் தப்பு இல்லை என்று. அந்த ஜாடி அவர் வீட்டு அலமாரியில் மூடி திறக்காமலே இருந்தது. அண்ணி திறக்கப் போனால் மட்டும் அவருக்குக் கோபம் வரும். தீவுப் பக்கம் அதற்குப் பிறகு அவர் போகவில்லை. கடல் வருகிற படம் என்றாலே வேறு ஆளைக் கைகாட்டிவிடுவார். சித்தி அறுபத்தேழில் செத்துப்போனாள். அடக்கத்துக்கும் போகவில்லை.

எழுபத்தொன்றில் ஒரு நாள் காலை, ஸ்டுடியோ முற்றத்தில் விரிப்பைக் கட்டிக்கொண்டிருந்தோம். வாட்டசாட்டமாக ஒருவன் வந்தான். வெயிலில் வெந்த முகம், கையில் அகலத் தொப்பி. வாசல் பெஞ்சில் அவன் மனைவியும் பத்து வயதுப் பெண் ஒருத்தியும் உட்கார்ந்திருந்தார்கள்.

"தெமெலி அண்ணே, என்னத் தெரியுதா? நோமிகோஸ்."

அண்ணன் முகத்தில் ஈயாடவில்லை. கட்டிப்பிடிக்கப் போய்ப் பாதியில் கையை இறக்கிக்கொண்டார்.

"ரெண்டு லெட்டர் போட்டேன், பதில் இல்ல. பரவாயில்ல, உங்களுக்கு வேல இருக்கும். ஃபிலிம் நனைஞ்சு போச்சுன்னு தெரியும். படம் டார்வின்ல எங்க கிளப்புல ஓடிச்சு. மூணு தடவ பாத்தோம், எல்லாரும் அவனவன் அம்மாவத் தேடிக்கிட்டு. முதுக வெச்சு என்னத்தக் கண்டுபிடிக்கறது?" சிரித்தான். பிறகு தொப்பியைக் கையில் சுழற்றினான். "அம்மா சாகறதுக்கு முன்னாடி வாத்தியார்கிட்ட ஒரு வரி எழுதச் சொல்லியிருக்கு. 'சொல்ல வேண்டியத தெமெலியோட பொட்டிகிட்ட சொல்லிட்டேன், அவனக் கேட்டுக்கோ'ன்னு. அதான் வந்தேன். படம் போனா போகட்டும். நீங்க பாத்தீங்கல்ல? என்ன சொல்லிச்சு? திரும்பவும் திட்டிச்சா?"

நான் அண்ணனைப் பார்த்தேன். எட்டு வருடம் வாய் கூசாமல் பொய் சொன்ன மனிதர். அன்றைக்குப் பார்த்து அவருக்குப் பொய் வரவில்லை.

"அதுல ஃபிலிமே இல்ல நோமிகோஸ்" என்றார். "காலிப் பெட்டிய ஓட்டினேன். உங்கம்மாவுக்கு மட்டும் இல்ல, எல்லாருக்கும். படகுக் காட்சிக்காக ஃபிலிம ஒளிச்சு வெச்சிக்கிட்டேன். என்ன சொல்லிச்சுன்னு... நான் கவனிக்கலடா. பாயப் பாத்துக்கிட்டிருந்தேன்."

எனக்குத் தாங்கவில்லை. நான் குறுக்கே புகுந்தேன். பக்கத்தில் நின்றவன் நான், என் காதால் கேட்டேன் என்றேன். ஒரு வார்த்தை விடாமல் சொன்னேன். தப்பு என்றாள், கோபத்தில் சொன்னது என்றாள், மருமகளைக் கூட்டிக்கொண்டு வா என்றாள், மன்னித்துவிடு என்றாள்.

நோமிகோஸ் என்னை மேலும் கீழும் பார்த்தான். "எங்கம்மாவா? மன்னிப்பா?"

"ஆமாங்க. சத்தியமா."

"என் பொண்டாட்டி பேரச் சொல்லிச்சா?"

"பேரு... வாயில வரலன்னு சொன்னாங்க. உங்களச் சொல்லிக் குடுக்கச் சொன்னாங்க."

"நல்லா இருக்கு" என்றான். கோபம்கூட இல்லை அவன் குரலில். "ஃபிலிம் வருதுன்னீங்க. நனைஞ்சிருச்சுன்னீங்க. இப்ப இல்லவே இல்லங்கறீங்க. இதுல இது மட்டும் நெசமா? என்னப் பாத்து பாவப்பட்டு ஒண்ணும் சொல்ல வேணாம் தம்பி. அது திட்டியிருந்தாலும் எனக்கு அதுதான் வேணும்."

தொப்பியை மாட்டிக்கொண்டு நடந்தான். வாசலில் அவன் மனைவி எழுந்து ஏதோ கேட்டாள். அவன் ஒன்றும் இல்லை என்று தலையசைத்தான். நான் பின்னாலேயே ஓடினேன். மறுபடி சொன்னேன், அவளிடமே சொன்னேன், அவளுக்கு எங்கள் மொழி புரியவில்லை. குழந்தை பயந்து அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டது. டிராலி பஸ் வந்தது. ஏறிப் போய்விட்டார்கள்.

திரும்பி வந்தபோது அண்ணன் கேமராப் பெட்டியின் மேல் உட்கார்ந்திருந்தார். படப்பிடிப்பு ஆட்கள் எல்லாரும் எங்கெங்கோ பார்த்துக்கொண்டு நின்றார்கள். என்னைக் கிட்டே கூப்பிட்டார்.

"டேய் பரஸ்கெவா, உண்மையச் சொல்லு. சித்தி நெசமாவே அப்படிச் சொல்லிச்சா? இல்ல, நீயா சேத்துச் சொன்னியா?"

"சொன்னாங்கண்ணே" என்றேன்.

அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். அதன் பிறகு இருபத்தைந்து வருடம் உயிரோடு இருந்தார். நான் சொன்னதை நம்பினாரா இல்லையா என்று எனக்குத் தெரியாது.